எழுதுகோலும் வெண்திரையும்: றெஜி சிறிவர்த்தனவும் இலங்கையின் தேசியத் திரைப்படமும்

கோபுரத்தை அண்ணாந்து நோக்கி வியப்போர், அதனை எழுப்புவித்த மன்னனின் பெயரை வினவுவர். கல்லைச் செதுக்கிய சிற்பியைப் பற்றிக் கேட்போர் சிலரே. கல்லொன்றும் இறங்காத வெறுநிலத்தில் முதன்முதலாக அளவுகோடிட்டு வகுத்த தபதியை நினைப்போரோ அரியர். திரைப்படக் கலையிலும் நிலைமை இதுவே. நடிகரை ஊரறியும், நெறியாளரைக் கற்றோர் அறிவர், திரைக்கதை எழுதியவரின் பெயர், படத்தின் தொடக்கத்தில் கணப்பொழுது தோன்றி மறைவதோடு சரி. இக்கட்டுரை அவ்வாறு தோன்றி மறைந்த பெயர்களுள் ஒன்றைப் பற்றியது. இரண்டாம் உலகப் போருக்குப் பின் இலங்கையில் தேசியத் திரைப்படம் என ஒன்று உருவாகியபோது, அதன் எழுத்துக்கு நெறி வகுத்தோருள் றெஜி சிறிவர்த்தன முதன்மையானவர்.

சிங்களத் திரைப்படத்தின் எழுத்தாளர் ஒருவரைப் பற்றித் தமிழ்க் கல்லூரி மலரில் எழுதுவானேன் என்று வாசகர் வினவலாம். எமது கரையோரத்தின் இயல்பே அதற்கு விடை. கற்பிட்டி முதல் சிலாபம் வரை நீளும் இக்கரையில் இரு மொழிகளும் அயல்வீட்டார் போல வாழ்ந்து வருகின்றன. முன்னேஸ்வரத் திருவிழாவில் தமிழரின் திருமுறையும் சிங்கள அடியாரின் வேண்டுதலும் ஒரே வீதியில் ஒலிக்கின்றன. சிலாபத்துக்குத் தெற்கே, சில தலைமுறைகளுக்கு முன் தமிழ் பேசிய குடும்பங்கள் பல இன்று சிங்களமே பேசுகின்றன. மொழி என்பது மக்களோடு நகர்வது, மாறுவது, சில வேளை மறைவது என்பதை நூலிற் படிக்குமுன்பே கண்ணாற் கண்டவர்கள் நாம். ஆகவே ஒரு நாட்டின் திரையில் யாருடைய பேச்சு ஒலிக்கிறது, யாருடைய பேச்சு ஒலியாதொழிகிறது என்ற வினா எமக்குப் புறத்தேயுள்ள வினா அன்று.

இலங்கையின் முதலாவது சிங்களப் பேசும் படமாகிய ‘கடவுனு பொரொந்துவ’ 1947ஆம் ஆண்டு சனவரித் திங்களிற் கொழும்பில் திரையிடப்பட்டது. அதன் கதை பி. ஏ. டபிள்யூ. ஜயமான்னவின் மேடை நாடகம். தயாரித்தவர் எஸ். எம். நாயகம் என்னும் தமிழர். நெறிப்படுத்தியவர் ஜோதிஷ் சிங் என்னும் வங்காளியர். படம் பிடிக்கப்பட்டதோ மதுரையை அடுத்த திருப்பரங்குன்றத்துப் படப்பிடிப்பு நிலையத்தில். கதாநாயகியாக நடித்துப் பெரும் புகழெய்திய ருக்மணி தேவி, கொழும்புச் செட்டிமார் குலத்திற் பிறந்தவர். இவ்வாறு சிங்களத் திரைப்படம் தன் பிறப்பிலேயே தமிழகத்தின் தொட்டிலிற் கிடந்தது. அடுத்த பத்தாண்டுகளில் வெளிவந்த படங்களுட் பெரும்பாலானவை சென்னையிலோ சேலத்திலோ பிற தென்னிந்திய நகரங்களிலோ உருவாகியவை. கே. குணரத்தினம் தயாரித்து 1953இல் வெளியிட்ட ‘சுஜாதா’வை நெறிப்படுத்தியவர், சேலம் மொடேர்ன் தியேட்டர்ஸ் அதிபர் ரி. ஆர். சுந்தரமே.

இக்கூட்டுறவு நன்றியோடு நினைக்கத் தக்கது; ஆயினும் அதன் விளைவில் ஒரு குறையும் இருந்தது. தென்னிந்தியப் படத்தின் அச்சிலே சிங்கள மாவை இட்டுப் பிழிந்தது போன்றே பல படங்கள் அமைந்தன. மாந்தர் மேடையில் நின்று முழங்குவார் போலப் பேசினர். கதை எங்கே நின்றாலும் அங்கே ஒரு பாட்டு. எங்கே தளர்ந்தாலும் அங்கே ஒரு சண்டை. இடையிடையே நகைச்சுவைக் கூத்து. பாட்டு இருந்தது குற்றமன்று. உடப்பிலே கரைவலை இழுப்போர் பாடும் அம்பாப் பாட்டைக் கேட்டவர் இதனை எளிதில் உணர்வர். வலையின் பாரத்திலிருந்து அப்பாட்டுப் பிறக்கிறது. அதை நிறுத்தினால் இழுப்பும் தளர்ந்துவிடும். திரைப்படத்திற் செருகப்பட்ட பாட்டையோ வெட்டி எடுத்தாலும் கதை சிறிதும் அசையாது. வாழ்வோடு ஒட்டாத இவ்வெழுத்தே அன்றைய படங்களின் குறை.

1956ஆம் ஆண்டு இலங்கை வரலாற்றில் இரு முகம் கொண்டது. அவ்வாண்டிலேதான் எதிரிவீர சரத்சந்திரவின் ‘மனமே’ நாடகம் மேடையேறிற்று. அவ்வாண்டின் இறுதியிலேதான் லெஸ்ரர் ஜேம்ஸ் பீரிஸின் ‘ரேகாவ’ திரைக்கு வந்தது. அரசாங்கத் திரைப்படப் பிரிவில் ஆவணப் படங்கள் எடுத்துப் பயின்ற பீரிஸ், ஒளிப்பதிவாளர் வில்லியம் பிளேக்கையும் தொகுப்பாளர் ரைற்றஸையும் உடனழைத்துக்கொண்டு அப்பதவியைத் துறந்து, செயற்கை அரங்குகளை விட்டு வெளியேறி, இலங்கையின் சூரிய ஒளியிலே படம் பிடித்தார். ‘ரேகாவ’ 1957இல் கான் திரைப்பட விழாவிற் காட்டப்பட்டது; உள்நாட்டிலோ பணம் ஈட்டவில்லை. அதே 1956ஆம் ஆண்டிலேதான் சிங்களம் மட்டுமே அரசகரும மொழி என்ற சட்டமும் நிறைவேறியது. ஒரு கலை தன் சொந்தக் குரலைக் கண்டடைந்த ஆண்டிலேயே, நாட்டின் மற்றொரு மொழி அரச வாயிலுக்கு வெளியே நிறுத்தப்பட்டது. இவ்விரண்டையும் ஒருங்கே நோக்கினாலன்றித் தேசியத் திரைப்படத்தின் வரலாறு முழுமை பெறாது.

1922இற் பிறந்த றெஜி சிறிவர்த்தன, பேராசிரியர் லுடோவைக்கிடம் ஆங்கில இலக்கியம் கற்றவர். போர்க்காலத்தில் தடைசெய்யப்பட்டிருந்த லங்கா சமசமாஜக் கட்சியின் தலைமறைவுப் பணிகளில் இளைஞராக ஈடுபட்டார். பின்னர் பத்திரிகையாளராகவும் இலக்கியத் திறனாய்வாளராகவும் திரைப்பட விமரிசகராகவும் பெயர் பெற்றார். உருசிய மொழியைக் கற்று அம்மொழிக் கவிதைகளை ஆங்கிலத்தில் ஆக்கினார். ஆங்கிலத்திற் பெரும் புலமை பெற்ற இவர், சிங்கள இலக்கியத்தையும் திரைப்படத்தையும் ஏளனமாக நோக்கவில்லை; உலக இலக்கியத்தை அளந்த அதே கோலால் அவற்றையும் அளந்தார். குறை கண்டவிடத்துக் குறை கூறுதலே விமரிசகனின் தொழில். குறை கூறியவரே முன்வந்து எழுதிக் காட்டுதல் அரிது. இவர் எழுதிக் காட்டினார்.

மார்ட்டின் விக்கிரமசிங்க 1944இல் வெளியிட்ட ‘கம்பெரலிய’ என்னும் நாவலைப் பீரிஸ் படமாக்க முற்பட்டபோது, அதற்குத் திரைக்கதை எழுதும் பணி சிறிவர்த்தனவிடம் வந்தது. இந்நாவல் எம். எம். உவைஸ் அவர்களால் ‘கிராமப் பிறழ்வு’ என்ற பெயரில் தமிழாக்கப்பட்டமையால் எம்மவர்க்கும் அறிமுகமானதே. தென்னிலங்கைக் கிராமம் ஒன்றிலே மகாகெதர எனப்படும் பெருவீட்டின் வீழ்ச்சியும், பணத்தால் உயரும் புதிய வகுப்பின் எழுச்சியுமே அதன் பொருள். அவ்வீட்டு மகள் நந்தாவுக்கு ஆங்கிலம் கற்பிக்க வரும் பியல், குலத்திற் குறைந்தவன் எனக் கருதப்பட்டு மறுக்கப்படுகிறான். நந்தா குலமுடைய ஜினதாசவை மணக்கிறாள். குலம் சோறிடவில்லை. பிழைப்புத் தேடித் தொலைவிடம் சென்ற ஜினதாச வறுமையில் அழிகிறான். கொழும்பிலே பொருளீட்டிய பியல் மீண்டும் வருகிறான்; நந்தா அவன் மனைவியாகிறாள். ஆயினும் பழைய வீட்டின் நிழல் அவள் உள்ளத்தை விட்டு அகலவில்லை.

இக்கதையைத் திரைக்கு ஆக்குவதில் உள்ள இடர் யாது? நாவலாசிரியன் மாந்தரின் உள்ளத்துள் நேரே புகுந்து, அங்கே நிகழ்வதைத் தன் வாயாற் கூறலாம். திரைக்கு அவ்வாய்ப்பு இல்லை. முன்னைய எழுத்தாளர்கள் இவ்விடரை எளிதிற் கடந்தனர்: உள்ளத்தில் உள்ளதை எல்லாம் மாந்தரின் வாயிலேயே ஏற்றி, உரத்துப் பேசவும் பாடவும் வைத்தனர். ‘கம்பெரலிய’ உலகிலோ இது பொய்யாகிவிடும். ஏனெனில், உள்ளத்தில் உள்ளதைச் சொல்ல இயலாமையே அப்பெருவீட்டாரின் துன்பம். நந்தா தன் விருப்பத்தைச் சொல்லக்கூடியவளாக இருந்திருப்பின் கதையே இல்லை. ஆகவே திரைக்கதை ஆசிரியர் எதைப் பேச வைப்பது என்பதைவிட, எதைப் பேசாது விடுவது என்பதையே முதலில் முடிவு செய்ய வேண்டியிருந்தது. சிறிவர்த்தனவின் திறமை இங்கேதான் விளங்குகிறது. பல ஆண்டுகளை உள்ளடக்கிய நாவலை ஏறத்தாழ இரண்டு மணி நேரத்துள் அடக்கியபோது, நிகழ்ச்சிகளைக் குவிக்காமல், உணர்வின் இழை அறுபடாதவாறு அவற்றைத் தேர்ந்து தொடுத்தார். முழங்கும் வசனம் இல்லை. செருகிய ஆடலும் சண்டையும் நகைச்சுவைக் கூத்தும் இல்லை. அன்றைய சிங்களத் திரையிலே இது பெருந் துணிவு.

1963ஆம் ஆண்டு இறுதியில் வெளிவந்த இப்படத்தை அன்ரன் விக்கிரமசிங்க தயாரித்தார். நந்தாவாகப் புண்யா ஹீந்தெனியவும், பியலாக ஹென்றி ஜயசேனவும், ஜினதாசவாகக் காமினி பொன்சேகாவும் நடித்தனர். படப்பிடிப்பு நிலையத்தை நாடாது, உண்மையான வீட்டிலும் வெளியிடங்களிலும் வில்லியம் பிளேக் அதனை ஒளிப்பதிவு செய்தார். 1965இல் இந்திய சர்வதேசத் திரைப்பட விழாவிலே அதற்குத் தங்க மயில் விருது கிட்டியது. இத்தாலியில் போருக்குப் பின் தோன்றிய மெய்ம்மைவாதப் படங்களும், வங்காளத்திலே சத்யஜித் ராயின் ‘பதேர் பாஞ்சாலி’யும் ஆசியக் கலைஞருக்கு ஒரு வழியைக் காட்டியிருந்தன. பெருஞ் செலவும் பேரரங்கும் இன்றி, அயலவரின் வாழ்வை உண்மையோடு காட்டுவதே உலகத்தின் கவனத்தைப் பெறும் வழி என்பதே அது. ‘கம்பெரலிய’ அவ்வழியில் இலங்கை வைத்த உறுதியான அடி.

1968இல் வெளிவந்த ‘கொளு ஹதவத்த’வுக்கும் சிறிவர்த்தனவே திரைக்கதை எழுதினார். கருணாசேன ஜயலத்தின் நாவலைத் தழுவிய இப்படத்தின் பெயரைத் தமிழில் ‘ஊமை இதயம்’ எனலாம். பாடசாலைப் பருவத்து மாணவன் ஒருவனின் நிறைவேறாக் காதலே கதை. முதலில் அவன் கண்ணோட்டத்தில் நிகழ்ந்தவை காட்டப்படுகின்றன. பின்னர் அதே நிகழ்ச்சிகள் அப்பெண்ணின் நிலையிலிருந்து திரும்ப நோக்கப்படுகின்றன. முதற் பாதியில் அவளைக் கொடியவள் என எண்ணிய நாம், மறு பாதியில் எமது தீர்ப்பையே மாற்றிக்கொள்ள வேண்டியவராகிறோம். வரலாறு கற்பிக்கும் எம்போன்றோருக்கு இது பெரும் பாடம். ஒரு தரப்பின் சான்றை மட்டும் கேட்டு எழுதிய வரலாறு, பொய்யாக இல்லாவிடினும் பாதியாகவே இருக்கும்.

கதைப் படங்களின் உலகில் சிறிவர்த்தனவின் பெயர் நிலைபெற்றது முதன்மையாக இவ்விரண்டு படங்களால். இரண்டு படங்களைக் கொண்டு ஒருவரின் பணியை எடைபோடலாமா என்றும், படத்தின் பெருமை நெறியாளருக்கே உரியதன்றோ என்றும் சிலர் வினவக்கூடும். பீரிஸின் பெருமையை மறுப்பது எம் நோக்கமன்று. ஆயினும் தபதி வகுத்த கோடு தவறாயின், சிற்பியின் உளி எவ்வளவு கூரியதாயினும் கோபுரம் நேர் நில்லாது. சிறிவர்த்தனவுக்குப் பின் இலக்கியத் தரமுள்ள திரைக்கதை என்பது எட்டாத கனவாக இருக்கவில்லை. அடைந்து காட்டப்பட்ட ஓர் அளவாக அது நின்றது.

அவருடைய பிற்காலப் பணி, மேலோட்டமாக நோக்குவோர்க்குத் திரைப்படத்தோடு தொடர்பற்றதாகத் தோன்றும். மனித உரிமை இயக்கத்தில் அவர் உழைத்தார்; இனத்துவக் கற்கைகளுக்கான சர்வதேச நிலையத்தில் ஆய்வும் பதிப்பும் செய்தார். 1980களின் முற்பகுதியில் பாடநூல்களுக்கும் இன உறவுக்குமிடையிலான தொடர்பை ஆராய்ந்த குழுவில் அவரும் ஒருவர். சிங்கள மொழி வாசிப்பு நூல்களிலே தமிழரும் முஸ்லிம்களும் அரிதாகவே தோன்றுவதையும், நாடு ஒரே இனத்தின் இல்லம் போலச் சித்திரிக்கப்படுவதையும் அவர் எடுத்துக்காட்டினார். எம் கருத்தில் இது திரைக்கதை ஆசிரியனின் கண்ணே வேறோர் ஏட்டின் மீது திரும்பியதாகும். நந்தாவின் மௌனத்தைக் கேட்கக் கற்ற செவி, பாடநூலில் ஒலியாத குரல்களையும் கேட்டது. ‘கொளு ஹதவத்த’வில் மறு பாதியை எழுதியவருக்கு, நாட்டின் கதையிலும் ஒரு மறு பாதி உண்டு என்பது புலப்படாமற் போகுமா?

அம்மறு பாதியைக் கேளாமையின் விலை 1983 யூலையில் தெரிந்தது. வத்தளையை அடுத்த ஹெந்தளையிலே குணரத்தினத்துக்குச் சொந்தமான விஜயா படப்பிடிப்பு நிலையம் எரியூட்டப்பட்டது. அங்கே எரிந்தவற்றுள் சிங்களப் படங்கள் பலவற்றின் மூலப் படச்சுருள்களும் அடங்கும். சிங்களப் படங்களை நெறிப்படுத்திய கே. வெங்கட் என்னும் தமிழர் அவ்வன்செயலிற் கொல்லப்பட்டார். தமிழரின் சொத்து என எண்ணி இட்ட தீ, சிங்களவரின் கலைச் செல்வத்தையே சாம்பலாக்கியது. இரு மொழியினர் கூடி வளர்த்த கலை, பிரிக்க முனைந்தபோது இருவருக்கும் இல்லாமற் போயிற்று.

இனித் தமிழர் நிலையை நோக்குவோம். சென்னையிலிருந்து தமிழ்ப் படங்கள் தடையின்றி வந்தமையால், இலங்கைத் தமிழர் தமக்கென ஒரு திரையைப் பெரிதும் தேடவில்லை. 1960களின் தொடக்கத்தில் ‘சமுதாயம்’, ‘தோட்டக்காரி’ ஆகியன வந்தன, 1972இல் வி. எஸ். துரைராஜாவின் ‘குத்துவிளக்கு’ வந்தது. 1977இற் காவலூர் இராசதுரை எழுத, சிங்கள நெறியாளராகிய தர்மசேன பத்திராஜ ஆக்கிய ‘பொன்மணி’, யாழ்ப்பாணத்துச் சாதியையும் சீதனத்தையும் அடங்கிய குரலிற் பேசியது. ‘கம்பெரலிய’வின் மௌனம் தமிழிலும் இயலும் என்பதற்கு அது சான்று. ஆயினும் அது நெடுநாள் ஓடவில்லை. முழக்க வசனத்துக்குப் பழகிய எமது செவி, எமது சொந்தப் பேச்சைத் திரையிற் கேட்டபோது அதனை அடையாளம் காணவில்லை. குறை படத்திலா செவியிலா என்பதை நாமே ஆராய வேண்டும். மறு ஆண்டு பத்திராஜ ‘பம்பரு அவித்’ என்ற சிங்களப் படத்தை எமது கற்பிட்டிக் கரையின் மீனவர் வாழ்வை வைத்தே எடுத்தார். எமது மணலும் கடலும் வாடிகளும் திரையேறின. அக்கரையின் தமிழ்ப் பேச்சு முழுமையாகத் திரையேறும் நாளை நாம் இன்னும் எதிர்நோக்கியிருக்கிறோம்.

சில காலத்துக்கு முன் எமது வகுப்பில் ‘கம்பெரலிய’வின் சில காட்சிகளை மாணவருக்குக் காட்டினேன். படம் முடிந்ததும், வாடியிற் பிறந்து வளர்ந்த மாணவன் ஒருவன் எழுந்து, அவர்கள் பேசியது எனக்கு விளங்கிற்று ஐயா, நாங்கள் பேசுவதைப் படம் எடுத்தால் அவர்களுக்கு விளங்குமா என்று கேட்டான். உடனே விடை கூற எனக்கு இயலவில்லை. வீட்டுக்குச் சென்று சிந்தித்தபோதுதான், அக்கேள்வியின் முதற் பகுதியிலேயே விடை இருப்பதை உணர்ந்தேன். அறுபது ஆண்டுகளுக்கு முன் தென்கரையின் ஒரு வீட்டைப் பற்றி எழுதப்பட்டது, வடமேற்குக் கரையின் தமிழ்ச் சிறுவனுக்கு விளங்கியதேன்? எழுதியவர் எல்லோருக்கும் விளங்க வேண்டுமென்று எதையும் பொதுமையாக்கவில்லை. அவ்வீட்டை அவ்வீடாகவே எழுதினார். தன் ஊரை உள்ளவாறு எழுதுவதே பிறர் ஊருக்குச் செல்லும் வழி.

‘கம்பெரலிய’வின் படச்சுருளும் காலத்தால் சிதைந்து, அமெரிக்கக் கலிபோர்னியாப் பல்கலைக்கழகத்தின் திரைப்படக் காப்பகத்திலே புதுப்பிக்கப்பட்டு, 2008இற் கான் விழாவில் மீண்டும் திரையிடப்பட்டது. சிறிவர்த்தன அதனைக் காண இருக்கவில்லை. 2004இலேயே அவர் மறைந்துவிட்டார். பீரிஸும் பத்திராஜவும் 2018இல் மறைந்தனர். அவர்கள் விட்டுச்சென்ற பணி மாணவராகிய உங்களுக்கு உரியது. அதற்குப் படக்கருவி முதலில் வேண்டியதில்லை. ஏடும் எழுதுகோலும் போதும். பாட்டனார் வலை இழுக்கும்போது பாடும் அம்பாவை எழுதி வையுங்கள். பாட்டியார் சந்தையில் இரு மொழியும் கலந்து பேரம் பேசுவதைச் செவிகொடுத்துக் கேளுங்கள். அவர் பேசாது விடுவதையும் கேளுங்கள். அயல்வீட்டார் பேசாது விடுவதையும் கேளுங்கள். ஒரு நாட்டின் கதையை எழுதும் தகுதி அவ்வாறு கேட்கக் கற்றவருக்கே வரும்.